கிடா தலையாட்டவில்லை

எங்கள் லிகோசா ஊரில் எந்த உயிரையும் அதன் சம்மதம் இல்லாமல் கொல்வதில்லை. அடுத்த ஊர்க்காரர்கள் ஆட்டைப் பிடித்தோமா அறுத்தோமா என்று இருக்கிற காட்டுமிராண்டிகள். நாங்கள் அப்படியில்லை. அப்போலோ கோயில் பலிபீடத்தின் முன்னால் ஆட்டை நிறுத்தி, தலையில் தண்ணீர் தெளித்து, காலடியில் பார்லி மணிகளைத் தூவி, சம்மதமா என்று மரியாதையாகக் கேட்போம். ஆடு தலையைக் கீழே குனிந்தால் சம்மதம். எங்களுக்குள்ளும் அதே வழக்கம்தான். குனிந்தால் 'சரி', மோவாயை மேலே தூக்கினால் 'முடியாது'. ஆடு குனிந்ததும் பெரிய பூசாரி பிராக்சியாஸ், "உத்தரவு ஆயிற்று!" என்பார். பிறகு கத்தி.

அந்த நேரத்தில் இரட்டைக் குழலை ஊதுவது என் வேலை. ஆட்டின் கடைசிக் கத்தல், கூட்டத்தில் எவனாவது போடும் தும்மல், மூலையில் நின்று அழும் விதவையின் விசும்பல் என்று அபசகுனமான எந்தச் சத்தமும் சாமி காதில் விழக் கூடாது. என் அப்பாவும் இதைத்தான் ஊதினார். இந்த ஊரில் எதெல்லாம் கேட்கக் கூடாது என்று எங்கள் குடும்பத்துக்குத் தெரிந்த அளவு வேறு யாருக்கும் தெரியாது.

கோயில் வாசலில் கிளியோன் ஆடு விற்கிறான். பூசாரியின் மச்சான். அவன் பட்டியிலிருந்து வந்த ஆடு ஒன்றுகூடத் தலையாட்டத் தவறியதில்லை. பக்தியுள்ள ஆடுகள் என்று பூசாரி பூரித்துப் போவார். நான் பிறவியிலேயே சந்தேகப் பிராணி. ஒருநாள் அந்தப் பட்டியை எட்டிப் பார்த்தேன். தீவனத் தொட்டியில் சிலந்தி வலை பின்னியிருந்தது. விலா எலும்பு தெரிகிற ஆட்டின் காலடியில் பார்லியைத் தூவினால் அது குனியாமல் வேறு என்ன செய்யும்? நான் யாரிடமும் சொல்லவில்லை. என் வேலை ஊதுவதுதானே.

இந்தச் சூட்சுமமெல்லாம் தெரியாத ஒருவன் ஊரில் உண்டென்றால் அது தெரோன். மலையில் கரிமூட்டம் போட்டுக் கரி விற்கிறவன். முகத்தைக் கழுவினாலும் கழுவாவிட்டாலும் ஒரே மாதிரி இருப்பான். அவன் பெண்டாட்டி மெலித்தா, நிகாந்தர் வீட்டு அடிமை. நிகாந்தர் யார் என்று கேட்காதீர்கள், ஊரில் ஆலிவ் மரம் எங்கே தெரிந்தாலும் அது அவருடையது. கோயிலில் அவர்தான் சம்மதக் குழுவின் தலைவர். தலையாட்டல் சரியானதா, சந்தேகத்துக்குரியதா என்று தீர்ப்புச் சொல்லும் குழு அது.

தெரோனும் மெலித்தாவும் பல வருஷம் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி அவளுடைய விடுதலைக்குப் பணம் சேர்த்தார்கள். அடிமை தன்னைத் தானே வாங்கிக்கொள்ள முடியாது. அவளே ஒரு பொருள், பொருள் எப்படிப் பொருளை வாங்கும் என்பது சட்டம். ஆகவே சாமி வாங்குவார். சேர்த்ததைச் சாமியிடம் கொடுக்க, சாமி அதை எசமானிடம் கொடுக்க, அவள் சாமிக்குச் சொந்தமாகிவிடுவாள். சாமி வீட்டில் பாத்திரம் தேய்க்க ஆள் தேவையில்லை என்பதால் அவள் தன் போக்கில் போய்க்கொள்ளலாம். கொடுக்க வேண்டியதெல்லாம் போய்ச் சேர்ந்துவிட்டது. பாக்கி முத்திரைச் சடங்கு ஒன்றுதான். ஒரு கிடா வெட்ட வேண்டும். கிடா தலையாட்டும் கணத்தில் மெலித்தா சுதந்திர மனுஷி.

இதில் ஒரு அவசரம் இருந்தது. மெலித்தாவுக்கு மாதம் நிறைந்திருந்தது. அடிமைத் தாய்க்குப் பிறக்கும் பிள்ளை எசமானுக்குச் சொந்தம். விடுதலையான பிறகு பிறந்தால் தாய்க்குச் சொந்தம். கிடாவின் தலை முந்த வேண்டும், குழந்தையின் தலை பிந்த வேண்டும்.

தெரோன் ஒரு கிடாவைக் கொண்டுவந்தான். குட்டியிலிருந்து வீட்டில் வளர்த்தது. சாமிக்குக் கொடுப்பதை அரை வயிறாகவா கொடுப்பது என்று மெலித்தா தனக்கு வந்த அத்திப்பழத்தையெல்லாம் அதற்கு ஊட்டியிருந்தாள். பளபளவென்று இருந்தது, நடக்கும்போது வயிறு இரண்டு பக்கமும் அசைந்தது. வாசலில் கிளியோன் அதைப் பார்த்துச் சிரித்தான்.

"வீட்டுக் கிடாவா தம்பி? அதுக்குக் கோயில் பழக்கம் தெரியாதே. நம்ம பட்டியில ஒண்ணப் புடிச்சுக்கோயேன்."

"இருக்கட்டுங்க. இது நல்ல கிடாதான், முட்டாது."

"முட்டாதுங்கிறது தெரியுது. ஒத்துக்குமாங்கிறதுதான் தெரியல."

தண்ணீர் தெளித்தார்கள். பார்லி தூவினார்கள். கிடா அதை ஒரு முறை முகர்ந்தது. அத்திப்பழம் தின்று வளர்ந்த மூக்கு அது, பார்லியைப் பொருட்படுத்தவில்லை. பலிபீடத்துக்கு மேலே ஒரு இலை மாலை தொங்கிக்கொண்டிருந்தது. கிடா அதைப் பார்த்தது. நாக்கை நீட்டியது. நன்றாக, ஊர் முழுவதும் பார்க்கும்படி, மோவாயை மேலே தூக்கியது.

கூட்டம் ஐயோ என்றது. ஒரு கிழவி, "முடியாதுன்னுருச்சு!" என்று மார்பில் அடித்துக்கொண்டாள். பூசாரி மறுபடி தெளித்தார். மறுபடி மோவாய் மேலே போனது.

மாலையைக் கொஞ்சம் தள்ளிக் கட்டலாமே என்று நான் சொல்லிப் பார்த்தேன். அது நிகாந்தரின் தகப்பனார் பேரில் தொங்கும் மாலை, தொடக் கூடாது என்றார்கள். அதோடு என் யோசனை தீர்ந்தது. நிகாந்தர் தன் கல் இருக்கையிலிருந்து எழுந்தார். அவர் எழுந்தால் பேச்சு வரும் என்று பொருள்.

"லிகோசாப் பெருமக்களே! ஓர் உயிர் 'முடியாது' என்று சொல்லியிருக்கிறது. வேற்று ஊராக இருந்தால் என்ன செய்திருப்பார்கள்? கழுத்தைப் பிடித்து அமுக்கியிருப்பார்கள். நாம் செய்யோம்! சம்மதம் இல்லாத உயிர் மீது இந்தக் கை படாது. இதுதான் நமக்கும் விலங்குகளுக்கும் உள்ள வேறுபாடு." இங்கே அவர் குரல் தழுதழுத்தது. பிறகு, "ஏய், குடையச் சரியாப் பிடிடா, எருமை. வெயில் கழுத்துல அடிக்குது," என்று பின்னால் நின்ற அடிமையின் காலில் ஒரு மிதி மிதித்துவிட்டு, "ஆகவே விசாரணை நடைபெறும்," என்று முடித்தார்.

விசாரணை கோயில் முற்றத்தில் நடந்தது. ஒரு பக்கம் குழு, ஒரு பக்கம் கிடா, நடுவே தெரோன்.

"கிடாவ வீட்ல யாராச்சும் திட்டினீங்களா?" என்று பூசாரி கேட்டார்.

"இல்லீங்க. புள்ள மாதிரி வளத்தோம்."

"அதான் சொன்ன பேச்சு கேக்கல. சரி, எங்க போறோம்னு அதுகிட்டச் சொல்லிக் கூட்டிட்டு வந்தியா, சொல்லாமலா?"

தெரோன் விழித்தான். "கிடாகிட்ட என்னங்க சொல்றது?"

"எழுதிக்கோங்க. உண்மைய மறைச்சுக் கூட்டிட்டு வந்திருக்கான்."

"ஐயா, நான் எதுக்கு மறைக்கணும்? அது தலையாட்டணும்னு ஊர்லயே அதிகமா வேண்டிக்கிறவன் நான்தானே?"

நிகாந்தர் குனிந்து அவனைக் கூர்ந்து பார்த்தார். "அதுதான் எனக்கும் சந்தேகமா இருக்கு. ஒரு மனுஷன் ஒரு கிடாவோட சம்மதத்துக்கு இவ்வளவு துடிக்கிறான்னா, அவன் அதை என்னமோ வற்புறுத்தியிருக்கான். கிடா பயந்து போயிருக்கு."

கிடா பூசாரியின் மேலாடை நுனியை மென்றுகொண்டிருந்தது.

தெரோன் கடைசியில், இது வேண்டாம், கடனோ உடனோ பட்டுக் கிளியோனிடமே ஒன்று வாங்கிக்கொள்கிறேன் என்றான். குழு அதிர்ந்து போனது. ஒரு முறை சாமி முன் நிறுத்திய கிடாவை மாற்றுவதென்றால் அதை விலக்க வேண்டும். விலக்க அதன் சம்மதம் வேண்டும். கேட்டார்கள். மாலையைப் பார்த்து மோவாயைத் தூக்கியது. விலகவும் சம்மதமில்லை என்று பதிவானது.

அடுத்தபடியாக, கிடாவுக்கு விஷயம் புரியவில்லையோ என்று ஐயம் எழுந்தது. ஏதென்ஸில் படித்த பேச்சாளர் ஒருவரை வரவழைத்தார்கள். அவர் மேலாடையை இடது தோளில் மடித்துப் போட்டு, கிடாவைச் சுற்றி ஒரு முறை நடந்துவிட்டு ஆரம்பித்தார்.

"கிடாவே! வாழ்க்கை என்பது யாது? புல். மரணம் என்பது யாது? புகழ்! உன் எலும்பும் கொழுப்பும் நறும்புகையாகி வானுலகம் சேரும். எஞ்சிய வெறும் இறைச்சி என்னும் பாரத்தையோ நாங்கள் எங்கள் வயிற்றில் சுமக்கிறோம். யாருக்கு லாபம், சொல்! உயர்ந்த பங்கை உனக்கு விட்டுக்கொடுத்துவிட்டு, பாரத்தை மட்டும் நாங்கள் ஏற்கவில்லையா?"

குழுவில் எல்லோரும் தலையாட்டினார்கள். கிடா மட்டும் ஆட்டவில்லை. பேச்சாளர், இது சிந்திக்கும் கிடா, அவகாசம் தேவை என்று அறிக்கை தந்துவிட்டு விருந்து சாப்பிடப் போனார்.

அவகாசத்தின்போது கிடா சாமியின் விருந்தாளி என்று முடிவானது. அதற்கு வேளாவேளைக்குத் தீனி போட வேண்டியது தெரோன். நான் அவனை ஓரமாகக் கூப்பிட்டு, ஒருநாள் பட்டினி போடுடா, எல்லாம் சரியாகிவிடும் என்று காதில் சொன்னேன். அவனும் புல்கட்டு இல்லாமல் வந்தான். நிகாந்தர் விடுவாரா? கிடாவைத் தன் கையால் தடவிக் கொடுத்தபடி இன்னொரு பேச்சு.

"பசியில் சொல்லும் சம்மதம் சம்மதமாகாது! வயிறு காய்ந்தவன் எதற்கும் தலையாட்டுவான். அது சுதந்திரமான முடிவா? என் தோப்பில் வேலை செய்கிறவர்களைக் கேளுங்கள், நான் சொல்வதற்கெல்லாம் தலையாட்டுகிறார்கள். அதை நான் சம்மதம் என்று என்றைக்காவது சொல்லிக்கொண்டேனா?"

கூட்டம் கைதட்டியது. வாசலில் கிளியோனின் ஆடுகள் தலை தொங்கிப் போய் நின்றன. தெரோன் மறுபடி புல்லும் அத்திப்பழமும் சுமக்க ஆரம்பித்தான். கிடா இன்னும் கொழுத்தது. அதன் சம்மதம் இன்னும் எட்டாத தூரம் போனது.

"டேய் தெரோன்," என்றேன் ஒருநாள், "இந்தக் கிடா தலையாட்டாம இருந்தா யாருக்குடா லாபம்?"

"யாருக்குண்ணே?"

"நீயே யோசி."

அவன் போய் யோசித்தான். மறுநாள் காலையில் கண் சிவந்து வந்து நின்றான். தூக்கமே இல்லை போலிருந்தது.

"கிடாவுக்குத்தான்ணே," என்றான்.

இவனுக்கு என்ன சொல்லிப் புரிய வைப்பது? ஆனால் மெலித்தாவுக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அன்று சாயங்காலம் தண்ணீர்க் குடத்தோடு கோயில் எல்லைக்கல்லுக்கு வெளியே நின்று என்னைக் கூப்பிட்டாள். வயிறு கீழே இறங்கியிருந்தது. மூச்சு வாங்கியது.

"அண்ணே, எசமானியம்மா நேத்து என் வயித்தத் தொட்டுப் பாத்தாங்க. 'நம்ம சின்னவ கல்யாணச் சீரோட இதையும் சேத்து அனுப்பிடலாம்'னு சொல்றாங்க. பண்டம் பாத்திரம் மாதிரி."

"எசமான் என்ன சொன்னாரு?"

"பொறக்கட்டும், பொறக்கட்டும்னு சிரிச்சாரு." குடத்தைக் கீழே வைத்தாள். "கிடாவுக்குச் சம்மதமான்னு ஊரே கூடிக் கேக்குது. என்னைச் சந்தையில மேடையேத்தி, வாயத் தொறக்கச் சொல்லிப் பல்லப் பாத்தாங்களே, அன்னிக்கு ஒருத்தர்கூட எந்தலையில தண்ணி தெளிக்கலியேண்ணே."

எனக்கு வெட்கமாக இருந்தது. இதை ஒளிக்க ஒன்றுமில்லை. அந்தச் சந்தையில், அவள் நின்ற மேடைக்குப் பக்கத்தில், கூட்டம் கூட்ட யாரோ ஒரு குழல்காரன் ஊதியிருப்பான்.

"அந்தக் கல்லுல என்ன எழுதியிருக்கு?" என்று அவள் திடீரென்று கேட்டாள்.

எல்லைக்கல்லில் இருந்ததை வாசித்தேன். பிணத்தைத் தொட்டவர்கள் உள்ளே வரலாகாது. பூண்டு தின்றவர்கள் வரலாகாது. கோயிலுக்குள் பிறப்பும், பலியல்லாத இறப்பும் நிகழலாகாது. நிகழ்ந்தால் கோயில் தீட்டு. ஒரு மாதம் பூட்ட வேண்டும். சுத்திகரிப்புச் செலவெல்லாம் குழுத் தலைவர் பொறுப்பு.

"பொறப்புகூடவா?"

"பொறப்புகூட. முன்ன ஒரு பூனை பீடத்தடியில குட்டி போட்டுருச்சு. அப்ப திமேயாஸ்தான் தலைவரு. பதவியும் போச்சு, செலவு கட்டித் தோப்பும் போச்சு."

"தோப்ப யாரு வாங்கினா?"

"உன் எசமான்தான்."

"அந்தப் பொறப்பு வரிய இன்னொரு தடவ வாசிங்கண்ணே," என்றாள். வாசித்தேன். குடத்தை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டு போனாள். அந்தப் பூனையைக் கோயிலுக்குள் கொண்டுவந்து விட்டது யார் என்று எனக்கு நீண்ட நாளாக ஒரு சந்தேகம் உண்டு. அதை நான் அவளிடம் சொல்லவில்லை.

கோயில் திருவிழாவுக்கு முந்தின நாள் கடைசிக் கூட்டம். எங்களை ஆளும் ரோமாபுரியிலிருந்து பெரிய அதிகாரி மறுநாள் வருவதாக இருந்தது. நிகாந்தர் புது மேலாடையில் வந்திருந்தார், அதிகாரியிடம் என்னென்னமோ கேட்டுப் பெறத் திட்டம். முற்றம் நிறைய ஜனம். முன்வரிசையில் கைத்தடியோடு கிழவர் திமேயாஸ். தோப்புப் போன நாளிலிருந்து அவர் ஒரு கூட்டத்தையும் விட்டதில்லை. ஒரு வார்த்தை பேசுவதில்லை, நிகாந்தரையே பார்த்துக்கொண்டிருப்பார்.

கிடாவைக் கேட்டார்கள். மாலையைப் பார்த்தது. நிகாந்தர் பெருமூச்சு விட்டார்.

"திருவிழா முடியட்டும். நாம் காத்திருப்போம். ஓர் உயிரின் முடிவை அவசரப்படுத்த நாம் யார்?"

தெரோன் தடாலென்று அவர் காலில் விழுந்தான். "எசமான், அதுக்குள்ள பொறந்துருமுங்க!"

"பிறப்பும் இறப்பும் நம் கையிலா இருக்கிறது, தெரோன்?" என்றார் நிகாந்தர், மிகவும் கனிவாக.

அந்த நேரத்தில்தான் மெலித்தா உள்ளே வந்தாள். விடியலிலிருந்தே வலி எடுத்திருக்கிறது. யாருக்கும் காட்டாமல், உதட்டைக் கடித்துக்கொண்டு எசமான் வீட்டு மாவை இடித்துக் கொடுத்துவிட்டு வந்திருக்கிறாள். நேராக நடந்து போய்ப் பலிபீடத்தை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். தரை நனைந்தது.

பூசாரிக்கு முகம் வெளுத்துவிட்டது. "அடியே! வலி கண்டவ உள்ள வரலாமா? கல்லப் படிக்கல?"

"எனக்குப் படிக்கத் தெரியாது சாமி. குழலண்ணன் படிச்சுக் காட்டினாரு."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் குழலைத் துடைத்தேன்.

"வெளிய போடி!"

மெலித்தா மோவாயை மேலே தூக்கினாள்.

"தூக்கிட்டுப் போங்கடா அவள!" என்றார் நிகாந்தர். நான்கைந்து அடிமைகள் முன்னால் வந்தார்கள்.

"எசமான்," என்றாள் அவள், வலிக்கு நடுவே மூச்சைப் பிடித்துக்கொண்டு. "சம்மதமில்லாத உயிர் மேல இந்தக் கை படாதுன்னீங்களே. நான் தலையாட்டல."

அடிமைகள் அப்படியே நின்றுவிட்டார்கள். எசமானின் பேச்சை அவர்களும் தினம் கேட்டுக்கொண்டுதான் இருந்தார்கள். அதில் தங்களுக்கும் ஒரு பங்கு உண்டு என்று அவர்களுக்கு அன்றைக்குத்தான் தோன்றியிருக்க வேண்டும். குடை பிடிக்கிறவன் குடையை மடக்கியே விட்டான். அதோடு பலிபீடத்தைப் பிடித்தவரை இழுத்தால் இழுத்த கை அழுகும் என்று எங்கள் ஊரில் ஒரு பயம் உண்டு. யாரும் கிட்டே போகவில்லை.

"கிடாவக் கேளுங்க! சீக்கிரம் கேளுங்க!" என்று பூசாரி கத்தினார். தெளிப்பதெல்லாம் போய், வாளியோடு தண்ணீரைக் கிடாவின் தலையில் கொட்டினார். கிடா உடம்பைச் சிலுப்பிக் குழு முழுவதையும் நனைத்துவிட்டு, மோவாயைத் தூக்கியது.

"தலைவரே, நானே அமுக்கிடறேன்," என்று பூசாரி கிடாவின் கழுத்தில் கை வைத்தார்.

"கையை எடும்!" நிகாந்தர் கர்ஜித்தார். "கட்டாயப்படுத்திய சம்மதத்தை இந்தக் குழு ஏற்காது." சாய்ந்து உட்கார்ந்துகொண்டார். அவர் கண் மெலித்தாவின் மேல் இருந்தது. அறுவடைக்குக் காத்திருக்கிறவர் தோப்பைப் பார்ப்பாரே, அந்தப் பார்வை. ஆசை கண்ணை மறைத்தால் காலடியில் இருக்கிற பள்ளம் தெரியாது.

முற்றம் பெருக்கும் பெண்கள் ஓடிவந்து மேலாடைகளை விரித்து மறைத்தார்கள். மெலித்தா அலறினாள். "ஊதுடா! ஊது!" என்றார் பூசாரி என்னிடம். ஊதினேன். கன்னம் வெடிக்க ஊதினேன். பெண்களின் மேலாடைகளுக்கு நடுவிலிருந்து ஒரு சின்னக் குரல் கிளம்பியது. ஊர் முழுவதையும் கேட்கவிடாமல் செய்யத் தெரிந்த எனக்கு, அது மட்டும் தெளிவாகக் கேட்டது. இன்னும் பலமாக ஊதினேன்.

நிகாந்தர் பாய்ந்து வந்து என் வாயிலிருந்து குழலைப் பிடுங்கினார். நிசப்தம். குழந்தையும் அந்த நேரம் பார்த்துத் தாய் மார்பில் வாய் வைத்துவிட்டது போலும்.

"பொறந்தாச்சு!" என்று கூவினார். மேடைப் பேச்செல்லாம் எங்கோ பறந்துவிட்டது. "என் காதால கேட்டேன்! கிடா இன்னும் தலையாட்டல, ஊரே சாட்சி! பிள்ள என்னோடது!"

தெரோன் தரையிலிருந்து எழுந்தான். கிடா சிலுப்பிய தண்ணீர் தலையிலிருந்து சொட்டிக்கொண்டிருந்தது. அவனுக்கு வழக்கம்போல ஒன்றும் விளங்கவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்றுதான் கேட்டான்.

"எங்கங்க எசமான் பொறந்துச்சு?"

நிகாந்தர் வாயைத் திறந்தார். பீடத்தைப் பார்த்தார். நனைந்த தரையைப் பார்த்தார். வாசலில் இருக்கும் கல்லின் பக்கம் அவர் கண் போனது. எவ்வளவோ வருஷமாக வாய் திறக்காத திமேயாஸ் கைத்தடியை ஊன்றி எழுந்து நின்றார்.

"நல்லாக் கேட்டான்யா கரிக்காரன்," என்றார் கிழவர். "வெட்கப்படாமச் சொல்லு நிகாந்தர். உள்ளயா, வெளியயா? அப்புறம், என் தோப்புல இந்த வருஷம் காய் நல்லாப் புடிச்சிருக்கா?"

குழந்தையை வைத்துக்கொண்டால் கோயில் தீட்டு. திருவிழா இல்லை, ரோமாபுரி அதிகாரிக்குப் பூட்டிய கதவுதான். செலவு, பதவி, தோப்பு எல்லாம் பூனை வழியில் போகும். நிகாந்தர் மெல்ல நடந்து போய் இருக்கையில் உட்கார்ந்தார். மேலாடையைச் சரி செய்துகொண்டார். பேச்சு திரும்பி வந்தது.

"எனக்கு... எதுவும் கேட்கவில்லை. குழலின் ஓசையைத்தான் நான் தவறாக எண்ணிவிட்டேன். கலைஞன் நன்றாக ஊதினான்."

"வேறு யாருக்காவது ஏதாவது கேட்டதா?" என்று பூசாரி கூட்டத்தைக் கேட்டார்.

ஊர் முழுவதும் மோவாயைத் தூக்கியது. குழந்தை அப்போது பார்த்து வீறிட்டு அழுதது. ஊர் தூக்கிய மோவாயை இறக்கவில்லை.

"அப்படியானால் இன்னும் எதுவும் பிறக்கவில்லை," என்றார் பூசாரி. "கிடாவைக் கேட்போம்."

மெலித்தா எழுந்து நின்றாள். எப்படி நின்றாள் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. கையில் துணிச்சுருள். கிடாவுக்கு அவள் வாசனை தெரியும். கயிற்றை இழுத்துக்கொண்டு அவளிடம் வந்தது. அத்திப்பழம் தரும் கை அது. துணிச்சுருளில் என்ன இருக்கிறதென்று, தலையை நன்றாகக் குனிந்து, இரண்டு முறை முகர்ந்து பார்த்தது.

"உத்தரவு ஆயிற்று!" என்று முதலில் கத்தியது நிகாந்தர். "நான் பார்த்தேன்! தெளிவான சம்மதம்! குழு ஏற்கிறது!"

"சாமி வாங்கிக்கொண்டார். மெலித்தா சுதந்திரமானவள்," என்று பூசாரி ஒரே மூச்சில் சொன்னார். "இப்போ வெளிய கூட்டிட்டுப் போங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும். நீ ஊதுடா, கல்லைத் தாண்டற வரைக்கும் ஊது!"

தெரோன் அவளைத் தாங்கிக்கொள்ள, நான் பக்கத்தில் ஊதிக்கொண்டே நடந்தேன். துணிச்சுருள் அழுதுகொண்டே வந்தது. வழியில் நின்றவர்கள், நல்ல வாசிப்பு என்று என்னைப் பார்த்துச் சொன்னார்கள். எல்லைக்கல்லைத் தாண்டியதும் குழலை இறக்கினேன். கூடவே வந்த பூசாரி காதைக் கையால் குவித்துக் கேட்டுவிட்டு, "ஆகா, இதோ பிறந்துவிட்டது! பெண் குழந்தை!" என்று உள்ளே பார்த்து அறிவித்தார். உள்ளே கைதட்டல் கேட்டது. ஒரு சுதந்திரத் தாயின் முதல் பிள்ளையை நம் கோயில் வாசலே வரவேற்றது என்று நிகாந்தர் பேச ஆரம்பித்திருந்தார்.

தெரோன் குழந்தையைப் பார்த்து, பிறகு என்னைப் பார்த்து, "இப்பத்தான் பொறந்துச்சாண்ணே?" என்றான். நான் ஆமாம் என்று குனிந்தேன்.

அப்போது கோயிலுக்குள்ளிருந்து கிடாவின் கத்தல் வந்தது. குழல்காரன் வெளியே நின்றதால் அன்றைக்கு அது ஊருக்கே கேட்டது. மெலித்தாவுக்கும் கேட்டது. அவள் குழந்தையின் காதைக் கையால் பொத்தினாள்.

கறி பிரித்தார்கள். தொடைகள் சம்மதக் குழுவுக்கு, தோல் பூசாரிக்கு. சாமிக்கு வழக்கம்போலப் புகை. கிடா கொண்டுவந்தவர்களின் பங்கை அத்தி இலையில் சுற்றி என்னிடம் கொடுத்து அனுப்பினார்கள். மலையடியில் தெரோனின் குடிசைக்குக் கொண்டு போனேன். மெலித்தா பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு சுவரில் சாய்ந்திருந்தாள். பொட்டலத்தை நீட்டினேன்.

"உடம்புக்குத் தெம்பு வேணும் தங்கச்சி. கொஞ்சம் வாங்கிக்கோ."

அவள் பொட்டலத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அது தலையாட்டலண்ணே," என்றாள். "எம்புள்ளய மோந்து பாத்துச்சு."

எனக்கும் தெரியும் என்று சொல்ல வந்தேன். அதற்குள் அவள் மோவாயை மேலே தூக்கினாள். எங்கள் ஊரில் அதற்கு ஒரே அர்த்தம்தான். பொட்டலத்தை எடுத்துக்கொண்டு வெளியே வந்தேன்.